ஆறு மணிக் குரைப்பு

ஒரு தையல் கம்பெனியில் ரகசியச் சங்கம் ஒன்று இருந்தது. சுவர்க் கடிகாரம், அதன் பின்னால் குடியிருந்த பல்லி, வாசலில் படுத்திருக்கும் கறுப்பு நாய் என்று மொத்தம் மூன்றே உறுப்பினர்கள். நேரத்தின் மேல் யாரும் கை வைக்கக் கூடாது என்பதுதான் சங்கத்தின் ஒரே சட்டம்.

ஒரு நாள் டீ இடைவேளையில் சூப்பர்வைசர் ஸ்டூலில் ஏறி, கடிகார முள்ளைக் கால் மணி நேரம் பின்னால் தள்ளினார். தையல்காரர்களின் செல்போன்களை எல்லாம் காலையிலேயே கேட்டில் வாங்கி வைத்தாயிற்று.

"என்னைப் பொய் சொல்ல வைத்துவிட்டானே!" என்று கடிகாரம் புலம்பியது.

"அழாதே. சரியாக ஆறு மணிக்குக் குரைக்கும்படி நாயிடம் சொல்லிவிட்டு வருகிறேன்" என்று பல்லி சுவரோடு ஓடியது.

தினமும் ஆறு மணிக்கு வேலை முடிந்து வரும் குயிலி நாய்க்கு வர்க்கி பிஸ்கட் போடுவாள். அந்த நேரம் அதன் வயிற்றுக்கு அத்துப்படி. அன்று ஆறு மணிக்கு அது குரைத்தது.

குயிலி மெஷினை நிறுத்தினாள். "மணி ஆறாச்சு சார்."

"கடிகாரத்தைப் பாரும்மா!"

"அதை நீங்க திருப்பலாம் சார். நாய் வயித்தை எப்படித் திருப்புவீங்க?"

நாற்பது மெஷின்களும் நின்றன.

மறுநாள் சூப்பர்வைசர் முள்ளையும் தள்ளினார், ஐந்தரைக்கே நாய்க்கு ஒரு முழு பன்னும் போட்டார். நாய் வாலை ஆட்டிக்கொண்டே தின்றது.

"போச்சு, வயிறு நிறைந்துவிட்டது" என்றது கடிகாரம்.

ஆறு மணிக்கு நாய் எழுந்து சோம்பல் முறித்தது. பன் தின்ற தெம்பில், நேற்றைவிட இரண்டு மடங்கு சத்தமாகக் குரைத்தது.