தர்பூசணித் திருட்டு

"இன்னிக்கும் காணோம்!"

ஃபிரிட்ஜைத் திறந்து வைத்துக்கொண்டு மருமகள் கத்தினாள். காலையில் அவள் நறுக்கி வைத்த தர்பூசணியில் பாதியைக் காணவில்லை.

"என்னை ஏன் பாக்குற? நான் தொடவே இல்ல," என்றான் கணவன்.

மகளும் தலையில் அடித்துச் சத்தியம் செய்தாள். மிச்சம் இருப்பது மாமனார் ஒருவர்தான்.

அவருக்குச் சிறுநீரகம் இரண்டும் கைவிட்டு, டயாலிசிஸில் வண்டி ஓடுகிறது. ஒரு நாளைக்கு ஒரு சின்ன பாட்டில் தண்ணீர்தான். "பழத்துல இருக்கிறதும் தண்ணிதான். ஒரு துண்டு கூடாது, மூச்சு திணறிடும்" என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். அன்றிலிருந்து மருமகள்தான் காவல். அவர் அவளுக்கு வைத்திருக்கும் பெயரே 'போலீஸ்காரம்மா'.

"பாவம், ஆசையா இருந்திருக்கும்," என்றான் கணவன்.

"ஆசைப்பட்டு ஆஸ்பத்திரியில படுத்தா, நீங்களா கூட உக்காருவீங்க?"

டயாலிசிஸ் நர்சுக்குப் போன் போட்டாள்.

"உடம்புல தண்ணி சேர்ந்தா எடை ஏறும். இவருக்குக் கொஞ்சம்கூட ஏறலையே! உங்க மாமனார் ரொம்ப சமத்து," என்றாள் நர்ஸ்.

போனை வைத்தவள், "எடை மெஷினையே ஏமாத்துறார் மனுஷன்!" என்று பல்லைக் கடித்தாள்.

மறுநாள் மத்தியானம் தூங்குவதுபோல் படுத்திருந்தாள். ஃபிரிட்ஜ் கதவு மெதுவாகத் திறந்து மூடியது. மாமனார் டப்பாவைச் சட்டைக்குள் செருகிக்கொண்டு பூனை மாதிரி மாடிப்படி ஏறினார்.

அவளுக்குக் கோபத்தைவிடப் பயம்தான் அதிகம். விழுந்தடித்துப் பின்னால் ஓடினாள்.

"மாமா! கையைக் காட்டுங்க!"

திரும்பினார். விரலெல்லாம் சிவப்புச் சாறு.

"சத்தம் போடாத போலீஸ்காரம்மா, பறந்துடும்."

மொட்டை மாடியில், தண்ணீர்த் தொட்டி நிழலில் ஒரு தட்டு. அதில் தர்பூசணித் துண்டுகள். மைனாக்களும் கொண்டைக்குருவிகளும் அடித்துப் பிடித்துக் கொத்திக்கொண்டிருந்தன.

அவளுக்கு உயிர் திரும்பி வந்தது. சிரிப்பும் வந்தது.

"இதுக்கா திருட்டு? ஒரு கிண்ணம் தண்ணி வெச்சா போதாதா?"

"நல்லா சொன்ன போ! சொம்புத் தண்ணியோட நான் படியேறினா நீ ஊரையே கூட்டிட மாட்ட? டப்பான்னா சட்டைக்குள்ள அடங்கும். பழமும் தண்ணிதான்னு உன் டாக்டரே சொல்லிட்டாரு."

"என்கிட்ட சொல்லியிருந்தா நானே வெச்சிருப்பேன்ல? நாங்க மூணு பேர் இருக்கோம். இந்த வெயில்ல நீங்க ஏறணுமா?"

சுவரில் புதிதாக வந்து உட்கார்ந்த குருவி ஒன்று, அலகைப் பிளந்தபடி மூச்சு வாங்கியது. மாமனார் ஒரு துண்டை அதன் பக்கம் நகர்த்தி வைத்தார்.

"நீங்களும்தான் தினம் துணி காயப்போட இங்க வர்றீங்க, இதுங்களும் தினம் இப்படி வாயைப் பிளந்துகிட்டு நிக்குதுங்க. நாக்கு வறண்டா எப்படி இருக்கும்னு இந்த வீட்டுல எனக்கு மட்டும்தானேம்மா தெரியும்!"