டிரம்ஸ் பிரமாதம்

இதை முதலில் எனக்குச் சொன்னவள் என் சின்ன மகள். போன மாசம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, துவைத்த துணியை மடித்துக்கொண்டே ஆரம்பித்தாள். பாட்டுப் பதிவு செய்கிற ஸ்டூடியோவில் அவளுக்கு வேலை.

"அம்மா, இந்த அநியாயத்தைக் கேளேன். நாலு பசங்க, சொந்தமா ஒரு பேண்ட். முதல் பாட்டு எங்ககிட்டதான் பதிவு பண்ணாங்க. நெட்ல வந்து பத்து நாள் ஆச்சு."

"நல்லா இருக்கா?"

"பாட்டு சுமார். கீழே கமெண்டைப் பாரு."

போனை நீட்டினாள். கண்ணாடியைத் தேடி மாட்டிக்கொண்டு படித்தேன்.

'டிரம்ஸ் பிரமாதம்.' 'என்ன கைடா அது!' 'டிரம்ஸுக்காகவே நாலு தடவை கேட்டேன்.'

"நல்லதாத்தானே எழுதியிருக்காங்க?"

"யாரு எழுதினது? இவங்களேதான்! ஆளுக்குப் பத்துப் பொய்ப் பேரு. பாடுறவன் எங்க வாசல்ல உட்கார்ந்து டைப் பண்றதை என் கண்ணால பார்த்தேன்."

"தன் முதுகைத் தானே தட்டிக்கிறாங்க. விடுடி."

"அதுகூடப் பரவாயில்லைம்மா. அதுல டிரம்ஸ் வாசிச்சது மனுஷனே இல்லை, மெஷின்! டிரம்ஸ்காரன் அடிச்சது அங்கங்கே தடுமாறுச்சு. 'அவனுக்குத் தெரிய வேண்டாம்க்கா, அவன் அடிச்ச மாதிரியே மெஷின்ல வச்சிடுங்க'ன்னு பாடுறவன் கெஞ்சினான். ஒவ்வொரு அடியா நான்தான் உட்கார்ந்து வச்சேன். கூட இருக்கிறவனையே ஏமாத்துறாங்க பாரு!"

"அதுக்கு நீ என்ன பண்ணினே?"

"நேத்து கமெண்ட்லயே எல்லாத்தையும் போட்டு உடைச்சிட்டேன்."

அதற்குக் கீழே ஊரே கூடிச் சிரித்துக்கொண்டிருந்தது. 'கரண்ட் போனா டிரம்ஸ்காரரும் போயிடுவாரா?' என்று ஒருவர் கேட்டிருந்தார். எனக்கும் சிரிப்பு வந்தது. மறைப்பானேன்?

மறுநாள் சாயங்காலம் வேலையிலிருந்து வந்தவள், தோள்பையைக்கூடக் கழற்றாமல் சமையலறைத் தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"பாடுறவன் வந்திருந்தான்மா."

"சண்டை போட்டானா?"

"இல்லை. 'நீங்க பொய் ஒண்ணும் எழுதலையேக்கா'ன்னான்."

"அப்புறம் ஏன்டி இப்படி இருக்கே?"

"அந்த டிரம்ஸ்காரன் அஞ்சு மாசமா ஆஸ்பத்திரியில இருக்கானாம்மா. நரம்புல ஏதோ கோளாறு, கை நடுங்குமாம். டாக்டர்கிட்ட கெஞ்சி ஒரே ஒரு நாள் வெளியே வந்துதான் எங்ககிட்ட வாசிச்சிருக்கான். பாட்டைக் கேட்டுட்டு, தானே இவ்வளவு சுத்தமா வாசிச்சோம், கை தேறிக்கிட்டு வருதுன்னு நம்பியிருக்கான். தினமும் காலையில அந்தக் கமெண்டையெல்லாம் படிச்சிட்டுத்தான் மாத்திரையே போடுவானாம். அவன் படிக்கணும்னுதான் மூணு பேரும் மாத்தி மாத்தி எழுதியிருக்காங்க."

எனக்கு அடுப்பை அணைக்கக்கூடத் தோன்றவில்லை.

"நீ எழுதினதை அழிச்சிடேன்."

"அழிச்சிட்டேன்மா. அதுக்குள்ள அவன் படிச்சிட்டான்."

"என்ன சொன்னானாம்?"

"'அப்போ என் கை தேறவே இல்லையாடா?'ன்னு கேட்டானாம். அதுக்கப்புறம் மாத்திரையைத் தொடவே இல்லையாம்."

அந்தப் பிள்ளையின் பேர்கூட எனக்குத் தெரியாது. இன்றைக்கு நீங்கள் கடவுளிடம் வேண்டும்போது, உங்கள் பிள்ளைகளுக்கெல்லாம் கேட்டு முடித்த பிறகு, அந்த இரண்டு கைகளுக்காகவும் ஒரு வார்த்தை கேளுங்கள்.