நீலச் சட்டை

"எட்டு மணி நேரம் நிக்கணும். குந்தக் கூடாது. வர்றவங்ககிட்ட வாயைத் தொறக்கக் கூடாது. முடியுமா நைனா?"

கேட்டவர் எல்லப்பன். நகரத்து அருங்காட்சியகம், கார் கம்பெனிகள் நிறைந்த ஒரகடத்தில் புதிதாகத் திறக்கப்போகும் கிளைக்கு ஆள் பிடிப்பவர்.

"கார் கம்பெனி லைன்ல மூணு வருசம் நின்னவன் அண்ணாச்சி. ஒண்ணுக்குப் போவக்கூட சூப்பர்வைசரைக் கேட்டுட்டுத்தான் போவேன்" என்றான் ஐயனார். திருநெல்வேலிப் பக்கத்துக்காரன். கான்ட்ராக்ட் முடிந்தது என்று போன மாதம்தான் வெளியே அனுப்பியிருந்தார்கள்.

"இதுவும் கான்ட்ராக்ட்தான். அப்பால சண்டைக்கு வராதே."

ஐயனாரின் முகம் செத்துவிட்டது. பர்மனென்ட் ஆகாதவனுக்குப் பெண் கிடையாது என்று சுகப்பிரியாவின் அப்பா கறாராகச் சொல்லியிருந்தார். தை பிறந்தால் வேறு மாப்பிள்ளையாம்.

"இந்தா யூனிபார்ம்."

பிரித்தான். நீலச் சட்டை. அவன் இருந்த கம்பெனியில் கான்ட்ராக்ட் ஆட்களுக்குச் சாம்பல் கலர். நீலம் பர்மனென்ட்டுக்கு மட்டும். கேன்டீன் வரிசைகூட நீலத்துக்குத் தனி. இது சுகப்பிரியாவின் அப்பாவுக்கும் தெரியும்.

"அண்ணாச்சி, இது பர்மனென்ட்டு சட்டைல்லா?"

"மியூசியம் மேடம் குடுக்கச் சொல்லிச்சு. போட்டுக்கினு நில்லு. கேள்வி கேக்காதே."

போட்டான். படம் எடுத்து ஊருக்கு அனுப்பினான். சாயங்காலமே சுகப்பிரியா கூப்பிட்டாள்.

"அத்தான், படத்தைப் பாத்து அப்பா சிரிச்சுட்டாவ. ஆனா நேர்ல பாத்துட்டுத்தான் தட்டு மாத்துவாவளாம். திறப்பு விழாவுக்கு வாராவ."

"வரட்டும் புள்ள. வாசல்லயே நிப்பேன்."

விழா அன்று எல்லப்பன் அவனை வாசலைத் தாண்டி உள்ளே இழுத்துப் போனார்.

"அண்ணாச்சி, வாசல் அந்தப் பக்கம்லா?"

"அதுக்கு வேற ஆள் கீறான். நீ வா."

கல்கோடரி, முதுமக்கள் தாழி, ஏர்க்கலப்பை எல்லாம் தாண்டி ஒரு கண்ணாடிக் கூண்டு. உள்ளே ஏற்றி, கையில் ஸ்பானரைத் திணித்தார்.

"சிலை செய்யிறத வுட நீ மலிவாம். அசையாம நில்லு. கண்ணை மட்டும் மெதுவா சிமிட்டிக்கோ."

கதவைச் சாத்திவிட்டுப் போனார்.

சிறிது நேரத்தில் சலவை வேட்டியும் பழப்பையுமாக வருங்கால மாமனார் கூண்டின் முன்னால் வந்து நின்றார். அவனை மேலும் கீழும் பார்த்தார். பிறகு கண்ணாடியை மாட்டிக்கொண்டு, அவன் காலடியில் இருந்த பலகையைச் சத்தமாக, எழுத்துக்கூட்டி வாசித்தார்:

"பர்மனென்ட் தொழிலாளி. இந்த வட்டாரத்தில் வாழ்ந்து அழிந்துபோன இனம்."