ஆயிரத்து ஐந்நூற்று ஐம்பத்திரண்டாம் வருஷத்துக் கல்

எங்கள் பள்ளிதான் பழையது என்போம் நாங்கள். பக்கத்து ஊர் தார்ன்பிப் பள்ளிக்காரர்கள் தங்களுடையதுதான் என்பார்கள். இரு தரப்பிடமும் சான்று கிடையாது.

எங்கள் ரக்பி மைதானத்துக் கொட்டகையைப் பிரித்தபோது ஒரு கல் கிடைத்தது. ஒரு மூலை உடைந்திருந்தாலும் 'பள்ளி, 1552' என்பது பளிச்சென்று தெரிந்தது.

தலைமையாசிரியர் ரட்லிஜ் அதை வாசலில் பதித்தார். வயிறெரியட்டும் என்றே தார்ன்பித் தலைமையாசிரியை கௌலிங்கைத் தேநீருக்கு அழைத்தார்.

"பாத்தீங்களா மேடம்? யாரு பழசுங்கற பேச்சே இனிமே வேணாம்!"

கௌலிங் கல்லைத் தடவிப் பார்த்துச் சிரித்தார்.

"வேணவே வேணாம் சார். எங்க தாத்தா காலத்துல, ரக்பியில தோத்த கடுப்புல உங்க பசங்க எங்க வாசல்லேருந்து பேத்துட்டுப் போன கல்லு இது. உடைஞ்ச மூலை 'தார்ன்பி'ங்கற பேரோட எங்க சுவத்துலயே இருக்கு. அதையும் பேத்துத் தரவா?"