நாக்கு நீட்டிய பூட்டு

"கதவு கிடையாது, ஆனா பூட்டு உண்டு. காசைக் காக்காது, ஆளைக் காக்கும். அது என்ன?"

அம்மா விடுகதை போட்டாள். வாலு தலையைச் சொறிந்தாள். வீட்டில் அவளுக்கு அதுதான் பெயர்.

நகரத்து ரயில்களைப் பழுது பார்க்கும் பணிமனை அது. அம்மா அங்கே பாதுகாப்பு அதிகாரி. ஊழியர்கள் தங்கள் பிள்ளைகளை அழைத்து வரலாம் என்று அன்றைக்கு அனுமதி கொடுத்திருந்தார்கள்.

"தெரியலைம்மா. நீயே சொல்லிடு."

சுவரில் இருந்த பெரிய சுவிட்சை அம்மா காட்டினாள். கீழே இறக்கி வைத்திருந்த அதன் கைப்பிடியில் சிவப்புப் பூட்டுகள் கொத்தாகத் தொங்கின. ஒவ்வொன்றிலும் ஒருவருடைய படம் ஒட்டியிருந்தது.

"ரயிலுக்கு அடியில இருக்கிற பள்ளத்துல வேலைக்கு இறங்குறவங்க, யாரா இருந்தாலும் சரி, ஆளுக்கொரு பூட்டு மாட்டிட்டுத்தான் இறங்கணும். கடைசிப் பூட்டு கழர்ற வரைக்கும் ரயிலுக்குக் கரண்ட் கொடுக்க முடியாது. மாட்டினவங்கதான் திறக்கணும். நானே வந்தாலும் தொடக் கூடாது."

"எனக்கும் ஒண்ணு குடும்மா! நாளைக்குக் கிளாஸ்ல எல்லாருக்கும் காட்டுவேன்."

"உனக்கு எதுக்குடி?"

"குடும்மா, குடும்மா, குடும்மா..."

நச்சரிப்பு தாங்காமல் அம்மா ஒரு புதுப் பூட்டை எடுத்துக் கொடுத்தாள். நாக்கை நீட்டிக்கொண்டிருக்கும் வாலுவின் படம் ஒன்று கைப்பையில் இருந்தது. அதையும் பூட்டின்மேல் ஒட்டினாள்.

"வீட்டுக்கே எடுத்துட்டுப் போ. இங்கே எங்கேயாவது மாட்டி என் மானத்தை வாங்கிடாதே, தாயே!"

பழுது பார்த்து முடித்த ரயில், மாலையில் அலுவலகங்கள் விடும் நேரத்துக்கு ஓட வேண்டும்.

"மேடம், கொஞ்சம் இங்கே வாங்க," என்று ஓட்டுநர் கூப்பிட்டார். "இது உங்க வீட்டு வேலையா?"

ஊழியர்கள் தங்கள் பூட்டுகளையெல்லாம் கழற்றிக்கொண்டு போயிருந்தார்கள். கைப்பிடியில் ஒன்றே ஒன்று மட்டும் தொங்கியது. அது நாக்கை நீட்டிக்கொண்டிருந்தது.

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள்.

"மேடத்தையே பார்த்து நாக்கு நீட்டுது பாருங்க!"

அம்மாவின் முகம் சிவந்துவிட்டது. "எங்கே அந்தக் குரங்கு?"

"கேன்டீன்ல கேக் தின்னுட்டு இருக்கா. கூட்டிட்டு வரச் சொல்லவா? கன்ட்ரோல் ரூம்ல இருந்து வேற கத்திக்கிட்டே இருக்காங்க."

"நேரமில்லை. ஆளுங்க எல்லாரும் மேலே வந்தாச்சு இல்ல?"

"வந்தாச்சு. விசிலும் ஊதியாச்சு."

"அப்போ வெட்டிடுங்க."

ஓட்டுநர் இரும்பு வெட்டும் கட்டரைக் கொண்டுவந்தார். அதன் வாய் பூட்டைக் கவ்வியது.

"மாமா! வெட்டாதீங்க!"

வாயெல்லாம் கேக்குடன் ஓடிவந்த வாலு, பூட்டை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டாள். ஓட்டுநர் பதறிப்போய்க் கட்டரைப் பின்னுக்கு இழுத்தார்.

"கை போயிருக்கும்டி!" அம்மா கத்தினாள். "சாவியைக் குடு!"

"மாட்டேன். உள்ளே அக்கா இருக்காங்க."

"எந்த அக்கா? ஆளுங்க பூட்டு ஒண்ணாவது இருக்கா பாரு. எல்லாரும் வந்தாச்சு."

"அவங்கதான் பூட்டே மாட்டலையே! நான் கேட்டேன். 'எனக்கு ஏது கண்ணு பூட்டு'ன்னு சிரிச்சிட்டு, வாளியைத் தூக்கிட்டு இறங்கிட்டாங்க. அதான் என்னோடதை மாட்டினேன்."

சிரிப்பு நின்றுவிட்டது.

ஓட்டுநர் குனிந்து ரயிலுக்கு அடியில் டார்ச் அடித்தார். கட்டர் அவர் கையிலிருந்து நழுவித் தரையில் விழுந்தது.

மூன்றாவது பெட்டிக்கு அடியில் இரண்டு கால்கள் தெரிந்தன. பக்கத்தில் ஒரு வாளி.

ஒருவர் ஓடிப்போய்த் தோளைத் தொட்டுக் கூப்பிட்ட பிறகுதான் அந்தப் பெண் திரும்பினாள். துப்புரவு வேலை செய்பவள். இரைச்சலுக்காகக் காதில் பஞ்சு வைத்திருந்தாள். அதை எடுத்துக்கொண்டே படியேறி மேலே வந்தாள்.

"என்னங்க, எல்லாரும் பேயறைஞ்ச மாதிரி நிக்கறீங்க?"

ஓட்டுநர் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். "சுவிட்சைப் போட இருந்தேனே... இந்தக் கையால போட இருந்தேனே..." என்று முனகினார்.

அம்மாவின் பயம் கோபமாக வெளியே வந்தது.

"அறிவிருக்கா உனக்கு? பூட்டு மாட்டாம யார் உன்னை இறங்கச் சொன்னது? உனக்கு ஏதாவது ஆகியிருந்தா யார் பதில் சொல்றது?"

அந்தப் பெண் புரியாமல் விழித்தாள்.

"பூட்டு கேட்டேனேம்மா. போன மாசமும் கேட்டேன், அதுக்கு முந்தியும் கேட்டேன். பர்மனென்ட் ஆளுங்களுக்கு மட்டும்தான், கான்ட்ராக்ட் ஆளுங்களுக்கெல்லாம் கிடையாதுன்னு... நீங்கதானே சொன்னீங்க?"

எல்லோரும் அம்மாவைப் பார்த்தார்கள். வாலுவும் பார்த்தாள்.



வாலு பையிலிருந்து சாவியை எடுத்துப் பூட்டைத் திறந்தாள். தன் படத்தை நகத்தால் உரித்தாள்.

பூட்டையும் சாவியையும் அக்காவின் வாளிக்குள் போட்டாள்.