இரவல் குரல்

"மாமா, படத்துல பேசுற குரலை வீட்லயே வச்சிட்டு வந்துட்டீங்களா?"

துருக்கியின் அதனா நகரத் திரையரங்கில் ஒரு சிறுமி இப்படிக் கேட்டு நாற்பது வருடங்களுக்கு மேலாகிறது. நடிகர் ருஹி அப்போதுதான் மேடையேறி, தன் சொந்தக் கீச்சுக் குரலில் ரசிகர்களுக்கு ஸலாம் சொல்லியிருந்தார். அரங்கமே சிரித்தது.

அந்தக் காலத்தில் இஸ்தான்புல்லில் படங்களை ஊமையாகவே எடுப்பார்கள். நடிகர்கள் உதட்டை அசைத்துவிட்டுப் போய்விடுவார்கள். பிறகு ஒலிக்கூடத்தில் வேறு யாராவது குரல் கொடுப்பார்கள். ஊரே நடுங்கிய வில்லன் ருஹியின் இடிக்குரலும் அப்படி வந்ததுதான். இனி ரசிகர்கள் முகம் வாடக்கூடாது என்று, அந்தக் குரலிலேயே பேசப் பழகிக்கொண்டார் ருஹி. எழுபத்தெட்டு வயதிலும் வெளியிடங்களில் அப்படித்தான் பேசுகிறார்.

இன்று நோன்புப் பெருநாள். தொழுகை முடிந்து வந்தவரைத் தொலைக்காட்சி நிலையத்தின் கார் பள்ளிவாசலிலேயே ஏற்றிக்கொண்டது.

"இத்ரிஸ் தம்பி, முதல்ல உஸ்குதார் பகுதிக்கு விடுப்பா" என்றார் ருஹி.

முன் சீட்டிலிருந்த தயாரிப்பாளர் பெர்ரின் திடுக்கிட்டுத் திரும்பினாள். "ஐயா, ஒன்பது மணிக்கு உங்க நேரலைப் பேட்டி!"

"பெருநாளாச்சேம்மா. அம்மாகிட்ட பேச வேண்டாமா?"

"உங்களுக்கு அம்மா இருக்காங்களா! கொடுத்து வச்சவர் நீங்க."

ருஹி புன்னகைத்தார். "கஸ்தமோனு பக்கம் ஒரு கிராமத்துல இருக்கா. போன்லதான் பேசணும்."

"அப்போ இங்கேருந்தே பேசலாமே. இந்தாங்க என் போன்."

"உஸ்குதார் வீட்டு நம்பர்லேருந்து கூப்பிட்டாத்தான் எடுப்பா. வேற நம்பர்னா, யாரோ எதையோ விக்க வந்துட்டான்னு வச்சிடுவா."

டிரைவர் இத்ரிஸ் சிரித்தான். "எங்கம்மா மட்டும் என்னவாம்? பெருநாள் வழக்கப்படி காலையில போன்லயே கையை முத்தமிட்டேன். 'போன்ல முத்தம் கொடுத்தவனுக்கு பக்லாவா இனிப்பும் போன்லயே'ன்னுட்டா!"

"நீ வேற சும்மா இரு, இத்ரிஸ்!" பெர்ரின் ருஹியைப் பார்த்தாள். "ஐயா, ஒரு இயக்குநர் உங்களைப் பார்க்கத்தான் நிலையத்துக்கு வர்றார். புதுத் தொடர்ல அப்பா வேஷம். வில்லன் இல்ல, நல்ல அப்பா! நேரத்துக்குப் போகலன்னா, இன்னொரு நடிகர் தயாரா உட்கார்ந்திருக்கார்."

அது ருஹிக்கும் தெரியும். பல வருடங்களாக யாரும் அவரை நடிக்கக் கூப்பிடவில்லை. அநாதைகளை விரட்டியும் ஏழைகளின் வீட்டைப் பறித்துமே காலம் தள்ளிய நடிகர் அவர். காய்கறிச் சந்தையில் இன்றும் சில பெண்கள் அவரைக் கண்டால் முறைப்பார்கள். அல்லா அழைப்பதற்குள் ஒரு தடவையாவது நல்ல மனிதனாகத் திரையில் வந்துவிட வேண்டும் என்று அவருக்கு ஆசை. நேற்று கண்ணாடி முன் நின்று, ஒரு நல்ல அப்பாவைப் போலச் சிரித்துக்கூடப் பார்த்திருந்தார்.

கார் ஒரு பழைய கட்டடத்தின் முன் நின்றது.

"பத்தே நிமிஷம், ஐயா."

"அல்லா நாடினா."

மூன்றாம் மாடிக்கு ஏறிப் போய், கதவைச் சாத்திக்கொண்டார். தொலைபேசியை ஒலிபெருக்கியில் போட்டு எண்களை அழுத்தினார். மணி அடித்துக்கொண்டே இருந்தது. யாரும் எடுக்கவில்லை. மறுபடி அழுத்தினார். மறுபடியும்.

தெருவில் ஹாரன் அலறியது. ருஹி ஜன்னலைத் திறந்தார்.

"ஐயா, பாலத்துல நெரிசலாம்! இனிமே தாங்காது!" கீழேயிருந்து கத்தினாள் பெர்ரின்.

"இன்னும் எடுக்கலம்மா."

"சாயங்காலம் பேசிக்கலாமே!"

"பேசுற வரைக்கும் அவ ஒரு துண்டு இனிப்புகூட வாயில போடமாட்டா. நீ கிளம்பும்மா. காத்திருக்கிறவருக்கே அந்த வேஷம் கிடைக்கட்டும். அவருக்கும் ஆசை இருக்கும்ல?"

பெர்ரின் கைக்கடிகாரத்தைப் பார்த்துவிட்டுக் கார்க் கதவைத் திறந்தாள். பிறகு, "அம்மாவுக்கு என் ஸலாம் சொல்லுங்க" என்றாள். கார் போய்விட்டது.

வருத்தம் இருக்கிறதா என்று ருஹி மனசுக்குள் தேடிப் பார்த்தார். பெரிதாக ஒன்றும் அகப்படவில்லை. பிஸ்மில்லா சொல்லி மீண்டும் எண்களை அழுத்தினார்.

"மகனே! நீயா?"

"நான்தாம்மா. பெருநாள் வாழ்த்து. உன் கையை முத்தமிட்டுக்கறேன்."

"தெருப் பசங்க மிட்டாய்க்கு வந்துட்டாங்கடா. வாசலுக்கும் போனுக்கும் ஓடுறதுக்குள்ள மூச்சு வாங்குது. நீ எப்படிடா இருக்கே?"

"எனக்கென்னம்மா? நீ மருந்தெல்லாம் ஒழுங்கா சாப்பிடுறியா?"

"மருந்தைத் தூக்கிப் போடு. உன் குரல் காதுல விழுந்தாத்தான் எனக்குப் பெருநாள்." கிழவி மூச்சு விட்டுக்கொண்டாள். "ஏண்டா ஹுலுசி, வாயை மட்டும் அசைச்சுட்டு உன் குரல்ல பேர் வாங்கினானே, அந்த ருஹி, அவன் எப்படி இருக்கான்?"

எதிர் நாற்காலியில், புற்றுநோய்க்குக் குரல்வளையைப் பறிகொடுத்து, கழுத்தில் துணி சுற்றி உட்கார்ந்திருந்த ஹுலுசியின் உதடுகள் சத்தமில்லாமல் அசைந்தன: 'தங்கமான மனுஷன்மா.'

அதுவரை அந்த உதடுகளைப் பார்த்துப் பார்த்தே ஒவ்வொரு சொல்லையும் பேசிவந்த ருஹி, இந்த ஒரு இடத்தில் மட்டும் உதட்டோடு ஒட்டாமல், "இருக்கான்மா, கிழவனாயிட்டான்" என்றார் அதே இடிக்குரலில்.