அற்புதம்மாள் போட்ட தேதி

பாம்பன் பக்கத்துக் கடற்கரை ஊரில் காய்ச்சல் பரவியிருந்தது. வீடு வீடாகப் போய்க் கொசுப்புழு பார்ப்பது ஷெரினின் தற்காலிக வேலை. பார்த்த வீட்டின் அட்டையில் தேதி போட்டுக் கையெழுத்திட வேண்டும். அன்று காலை ஏழு வீடுகளில் அன்றைய தேதி ஏற்கெனவே இருந்தது. மை கூடக் காயவில்லை. கையெழுத்து அற்புதம்மாளுடையது. ஷெரினுக்கு முன்னால் அந்த வேலையைப் பார்த்தவள் அவள். போன வருடம் இறந்துபோனாள்.

"இப்பத்தான் வந்துட்டுப் போறா," என்றாள் கருவாடு காயவைத்துக்கொண்டிருந்த ஜெபமேரி. "உடைஞ்ச வள்ளத்தைப் பாக்கச் சொன்னா. உசுரோட இருக்கயிலயும் அதைத்தான சொன்னா, யாரு கேட்டா?"

ஏழு வீடுகளும் கரையில் கிடந்த அந்தப் பழைய படகைச் சுற்றியே இருந்தன. ஷெரின் எட்டிப் பார்த்தாள். தேங்கிய மழைத்தண்ணீர் முழுக்கப் புழு நெளிந்தது. அன்றைக்கே கவிழ்த்துக் கொட்டினார்கள். இரண்டு வாரத்தில் ஊரில் காய்ச்சல் அடங்கியது.

அறிக்கை எழுதிய அதிகாரி, "கண்டுபிடிச்சது நீன்னு போடுறேன்மா. வேலை நிரந்தரமாகும்," என்றார்.

ஷெரின் மறுத்தாள். "அற்புதம்மாள்னு போடுங்க சார். அவங்க சொல்லித்தான் பாத்தேன்."

மறுமாதம் ராமநாதபுரத்தில் நடந்த பாராட்டுக் கூட்டத்தில் அந்தப் பெயரை வாசித்தார்கள்.

"இங்கன இருக்கேன் சார்," என்றது கடைசி வரிசையிலிருந்து ஒரு பெண்குரல்.

எல்லோரும் கைதட்டினார்கள். ஷெரின் திரும்பிப் பார்க்கவில்லை. கை வலிக்கும்வரை தட்டினாள்.